கவ்பாய் கதைக்கு டெக்சாஸ் எதுக்கு... நம்ம காங்கேயமே போதும்!

குதிரை, துப்பாக்கி, தூசி பறக்கிற ஒத்தையடிப் பாதை, மாட்டு மந்தை, வழிப்பறி, தூக்குமரம்... 'வெஸ்டர்ன்' கதைன்னா இவ்வளவும் இருக்கணும். சிவகாசியிலிருந்து வரும் லயன் - முத்து காமிக்ஸில் டெக்ஸ் வில்லரைப் படிச்சு வளர்ந்த தலைமுறைக்கு அரிசோனா பாலைவனம் பக்கத்துத் தெரு மாதிரி. 1972-லேயே ஜெய்சங்கர் 'கங்கா'வில் கவ்பாய் தொப்பி போட்டுவிட்டார். 2010-ல் சிம்புதேவன் 'இரும்புக்கோட்டை முரட்டுச் சிங்கம்' என்று ஒரு முழுநீள கவ்பாய் காமெடியே எடுத்தார்.

ஆனா ஒரு விஷயம் நமக்கு உறைக்கிறதே இல்லை. அமெரிக்கா என்ற நாடு பிறந்து தவழ்ந்துகொண்டிருந்த அதே வருஷங்களில், அதே மாதிரி ஒரு 'எல்லைப்புறம்' நம்ம ஊரிலும் இருந்தது. அதே மாடு, அதே வழிப்பறி, அதே வரித்தகராறு, கடைசியில் அதே தூக்குக் கயிறு. கடல் கடந்தெல்லாம் போக வேண்டாம். திருப்பூரிலிருந்து பஸ் ஏறினால் ஒரு மணி நேரத்துக்குள் வரும் காங்கேயம்தான் அந்த ஊர்.

இன்னும் சுவாரஸ்யம் என்னன்னா, இந்த இரண்டு கதையிலும் ஒரே ஆள் வில்லனாக வந்து போகிறார். அவரை அப்புறம் பார்ப்போம்.

எல்லைன்னா கோடு இல்லை

இப்போ எல்லை என்றால் கூகுள் மேப்பில் ஒரு கோடு. அந்தப் பக்கம் போனால் 'வெல்கம் டு கேரளா' என்று மெசேஜ் வரும். 18-ம் நூற்றாண்டில் எல்லை அப்படி இல்லை. அது ஒரு அகலமான நிலப்பரப்பு. அங்கே யார் ராஜா என்று கேட்டால், 'இன்னைக்கா, நேத்தா?' என்று பதில் கேள்வி வரும்.

கொங்கு நாடு அப்படித்தான் இருந்தது. 24 நாடுகளாகப் பிரிந்திருந்த கொங்கில், காங்கேய நாடும் ஒன்று. சுற்றிலும் மலை. மேற்கே பாலக்காட்டுக் கணவாய் வழியாகப் போனால் கேரளக் கடற்கரை. வடக்கே மோயாற்றுப் பக்கம் இருக்கும் கஜலெட்டிக் கணவாய் வழியாக ஏறினால் மைசூர். கிழக்கே காவிரியைத் தாண்டினால் சேலம். தெற்கே போனால் பழநி, திண்டுக்கல், மதுரை. நாலு பக்கமும் வழி இருக்கும் வீட்டுக்கு நாலு பக்கமும் ஆள் வருவான், இல்லையா?

வந்தார்கள். 1650-களில் மைசூர்ப் படை சத்தியமங்கலம் பக்கமாக இறங்கி மதுரை நாயக்கர் நாட்டுக்குள் புகுந்தது. கிடைத்த ஆட்களின் மூக்கை அறுத்துக்கொண்டு போனார்கள் என்பதால் அதற்கு 'மூக்கறுப்புப் போர்' என்றே பெயர். பதிலுக்கு இங்கிருந்து போன படையும் மூக்கைத்தான் அறுத்தது. யாருடைய மூக்கு? ராஜாக்களின் மூக்கு இல்லை. வழியில் இருந்த சாதாரண ஜனங்களின் மூக்கு. அந்த நூற்றாண்டு முடிவதற்குள் கொங்கு மைசூரின் கைக்குப் போய்விட்டது.

அதன் பிறகு கிழக்கிந்திய கம்பெனி வந்தது. ஆட்டம் இன்னும் வேகம் எடுத்தது.

31 வருஷத்தில் ஏழு ஓனர்

காங்கேயத்துக்குத் தெற்கே இருக்கும் தாராபுரத்தில் அப்போ ஒரு கோட்டை இருந்தது. அந்தக் கோட்டையின் கொடியை மட்டும் கவனிப்போம். கூடவே, 1756-ல் காங்கேயம் பக்கத்து மேலப்பாளையத்தில் பிறந்த ஒரு பையனின் வயசையும் எண்ணிக்கொண்டே வருவோம்.

1768-ல் கம்பெனி கோட்டையைப் பிடிக்கிறது. பையனுக்கு 12 வயசு. அதே வருஷக் கடைசியில் ஹைதர் அலி கணவாய் வழியாக இறங்கி மீட்டுவிடுகிறார். 1783-ல் கர்னல் ஃபுல்லர்ட்டன் தலைமையில் கம்பெனிப் படை மறுபடி பிடிக்கிறது. இப்போ வயசு 27. அடுத்த வருஷம் மங்களூர் ஒப்பந்தம். பிடித்த ஊர்களைத் திப்பு சுல்தானிடம் திருப்பிக் கொடுக்கிறார்கள். 1790-ல் ஜெனரல் மெடோஸ் படையோடு வந்து பிடிக்கிறார். அதே வருஷம் செப்டம்பரில் திப்பு கஜலெட்டி வழியாக இறங்கி, சத்தியமங்கலத்தில் கம்பெனிப் படையை அடித்து விரட்டி, அடுத்த மாதம் தாராபுரத்தையும் எடுத்துக்கொள்கிறார். 1799-ல் ஸ்ரீரங்கப்பட்டணம் விழுந்து, திப்பு இறந்த பிறகு மொத்தமாகக் கம்பெனி.

எண்ணிப் பார்த்தால் 31 வருஷத்தில் ஏழு முறை கை மாறியிருக்கிறது. 12 வயசில் தொடங்கி, பையனுக்கு 43 வயசாகும் வரை இதே கதை. அவர் பெயர் தீர்த்தகிரி. நமக்குத் தெரிந்த பெயர், தீரன் சின்னமலை.

'ராமன் ஆண்டா என்ன, ராவணன் ஆண்டா என்ன'ன்னு சொல்றதுக்கு நம்மிடம் பழமொழி இருக்கு. ஆனா எல்லைப்புறத்தில் பிரச்னை அது இல்லை. ராமனும் ஆள்வான், ராவணனும் ஆள்வான், இரண்டு பேரும் வரி கேட்பார்கள். அதுதான் பிரச்னை.

காளை என்பது அன்றைய டீசல் இன்ஜின்

சரி, இவ்வளவு சண்டை போட அங்கே என்ன இருந்தது? முதல் பதில், வழி. அடுத்த பதில், இன்னைக்கும் காங்கேயம் என்றதும் ஞாபகம் வருவது: மாடு.

அன்றைய போரில் பீரங்கியை இழுத்தது காளை. அரிசி மூட்டை சுமந்தது காளை. குண்டும் மருந்தும் ஏற்றிய வண்டியில் பூட்டியது காளை. மைசூர் அரசு மாடு வளர்க்கவே தனியாக ஒரு துறை வைத்திருந்தது. திப்பு அதற்கு 'அம்ருத் மஹால்' என்று பெயர் வைத்தார். கம்பெனிப் படையோ பொதிமாடுகளில் தானியம் ஏற்றிவரும் லம்பாடி வணிகர்களை நம்பியிருந்தது. மாடு இல்லையென்றால் படை நகராது. அதனால் எதிரியின் மாட்டை ஓட்டிக்கொண்டு போவது, டாங்கியின் டீசலை உறிஞ்சுவது மாதிரி.

இது தமிழனுக்குப் புது விஷயமும் இல்லை. ஆநிரை கவர்வதற்கு வெட்சி, மீட்பதற்கு கரந்தை என்று இலக்கணமே இருக்கிறது. 2006-ல் தேனி மாவட்டம் புலிமான்கோம்பையில் கிடைத்த நடுகல்லில் 'ஆகோள்' என்ற சொல்லே தமிழி எழுத்தில் பொறிக்கப்பட்டிருக்கிறது. மாட்டுச் சண்டையில் செத்தவனுக்கு 2,000 வருஷத்துக்கு முன்பே கல் நட்டிருக்கிறோம். டெக்சாஸில் மந்தை ஓட்டியவர்கள் எல்லாம் நமக்கு ரொம்ப ஜூனியர்.

காங்கேயம் சுற்றுவட்டாரத்தில் இன்றைக்கும் 'கொரங்காடு' பார்க்கலாம். கொழுக்கட்டைப் புல் முளைத்த மேய்ச்சல் நிலம், நடுவில் வெள்வேல மரம், சுற்றிலும் முள்கிளுவை வேலி. ஊர்ப் பொது மேய்ச்சல் நிலம் இல்லை அது. குடும்பத்துக்குச் சொந்தமான நிலம். ராத்திரி பகல் பார்க்காமல் மாட்டை உள்ளே விட்டுவிடலாம். மாடு வெளியே போகாது. வெளியாள் சட்டுன்னு உள்ளே வர முடியாது. மழை குறைந்த பூமிக்கு ஏற்ற ஏற்பாடு அது. மாடுதான் சொத்து என்று வாழ்ந்தவர்களின் ஏற்பாடும்கூட.

போலீஸ் யார், திருடன் யார்?

அப்போ போலீஸ் ஸ்டேஷன் கிடையாது. காவல் என்பது ஊரோடு ஒட்டிய ஒரு தொழில். பாளையக்காரர் என்றால் குட்டி ராஜா என்று நினைக்கிறோம். அவருக்கு மூன்று வேலை: வரி வசூலித்து மேலே கட்டணும், ராஜா கூப்பிட்டால் படையோடு போகணும், தன் எல்லைக்குள் வழியையும் ஊரையும் காக்கணும். அவருக்குக் கீழே காவல்காரர்கள். ஊர் அவர்களுக்குக் காவல்கூலி கொடுக்கும்.

இதில் ஒரு சிக்கல் இருந்தது. தமிழ்நாட்டின் தெற்குப் பகுதிகளில் 'துப்புக்கூலி' என்று ஒன்று உண்டு. மாடு காணாமல் போனால், ஒருவர் வந்து 'தகவல் தெரியும், இவ்வளவு கொடுத்தா மாடு வந்துடும்' என்பார். கொடுத்தால் மாடு திரும்பும். திருடியவர், துப்புச் சொன்னவர், காவல் காத்தவர் எல்லாரும் வேறு வேறு ஆட்களா என்று கேட்டால், எப்போதும் அப்படி இல்லை. பாதுகாப்பும் மிரட்டலும் ஒரே கயிற்றின் இரண்டு நுனியாக இருந்தன.

'தடி எடுத்தவனெல்லாம் தண்டல்காரன்' என்ற பழமொழியை நிதானமாகப் படிச்சுப் பாருங்க. தண்டல்காரன் என்றால் வரி வசூலிப்பவன். தடி கையில் இருந்தால் வசூல். அதே வசூலை அரசு முத்திரை இல்லாமல் செய்தால் வழிப்பறி. எல்லைப்புறத்தில் முத்திரை அடிக்கடி மாறும். அப்போ நேற்றைய வசூல் இன்றைக்குத் திருட்டாகிவிடும். இன்றைய திருட்டு நாளைக்கு வீரமாகிவிடும்.

ஒரு சின்னமலை

இந்த இடத்தில்தான் கொங்கு மண்ணின் மிகப் பிரபலமான 'வழிப்பறி' வருகிறது. பள்ளிப் புத்தகத்தில் படிச்சிருப்பீங்க. கொங்கில் வசூலான வரிப்பணத்தை மைசூர் அரசின் ஆட்கள் சங்ககிரிக்குக் கொண்டு போகிறார்கள். இளைஞன் தீர்த்தகிரி வழிமறித்துப் பணத்தை வாங்கி, இல்லாதவர்களுக்குக் கொடுத்துவிடுகிறார். 'யார் வாங்கியதுன்னு கேட்டா, சிவன்மலைக்கும் சென்னிமலைக்கும் நடுவில் ஒரு சின்னமலை வாங்கினான்னு சொல்லு' என்று சொல்லி அனுப்பியதாகக் கதை. அதிலிருந்து அவர் சின்னமலை.

சிவன்மலை உச்சியில் நின்று வடகிழக்கே பார்த்தால் சென்னிமலை தெரியும். உத்தரவுப் பெட்டியில் இந்த வாரம் என்ன வைத்திருக்கிறார்கள் என்று பார்க்கப் போகிறவர்கள், அப்படியே அந்தப் பக்கமும் ஒரு பார்வை பாருங்க. இரண்டுக்கும் இடையில் மூன்றாவது மலை எதுவும் இல்லை. ஒரு இளைஞன் தன்னையே மலையாக நிறுத்திக்கொண்ட இடம் அது. வாய்வழியாக வந்த கதைதான். ஆனா அதில் எல்லைப்புறத்தின் மொத்த இலக்கணமும் இருக்கிறது. அவர் அரசு கஜானாவைக் கொள்ளையடித்தாரா, அநியாய வரியைத் தடுத்தாரா? சங்ககிரியில் உட்கார்ந்து கணக்கு எழுதியவருக்கு அது கொள்ளை. மேலப்பாளையத்தில் களம் காலியாகிப் போன விவசாயிக்கு அது நியாயம்.

இன்னொரு கேள்வியும் இருக்கு. நாம் வழக்கமாகக் கேட்காத கேள்வி. வரிப்பணம் வழியில் பறிபோனால் அரசு 'போனால் போகட்டும்' என்று விடுமா? மறுபடி வசூலிக்க எந்த ஊருக்கு வரும்? வழிமறித்தவரின் பெயர் பாட்டில் வரும். இரண்டாவது முறை வரி கட்டியவரின் பெயர் எங்கேயும் வராது. வீரக் கதையை ரசிக்கும்போது அந்தப் பெயர் தெரியாத ஆளையும் கொஞ்சம் நினைத்துக்கொள்ளணும்.

அடுத்த திருப்பம் இன்னும் சுவாரஸ்யம். மைசூரின் வரியைப் பறித்த அதே சின்னமலை, பின்னாளில் மைசூரின் திப்புவோடு சேர்ந்துகொண்டார். ஏன் என்று புரிந்துகொள்ள நம்ம வில்லனைக் கூப்பிட வேண்டிய நேரம் வந்துவிட்டது.

இரண்டு கதைக்கும் ஒரே வில்லன்

அவர் பெயர் கார்ன்வாலிஸ். 1781 அக்டோபரில் அமெரிக்காவின் யார்க்டவுனில் ஜார்ஜ் வாஷிங்டனிடம் பிரிட்டிஷ் படை சரணடைந்ததே, அந்தப் படையின் தளபதி. அமெரிக்கா கைவிட்டுப் போனதற்கு அவர் முகம்தான் அடையாளம். ஆனா அவருடைய வேலை போகவில்லை. 1786-ல் இந்தியாவுக்கு கவர்னர் ஜெனரலாக அனுப்பிவைத்தார்கள். இங்கே வந்து திப்புவோடு மோதினார்.

அந்தக் காலத்து அமெரிக்கர்கள் இங்கே நடப்பதைக் கவனிக்காமலும் இல்லை. 1782-ல் பென்சில்வேனியாக்காரர்கள் ஒரு போர்க்கப்பலுக்கு 'ஹைதர் அலி' என்றே பெயர் வைத்தார்கள். பிரிட்டிஷ்காரர்களை அடித்த நம்ம பக்கத்து ஆள் என்ற மரியாதை. அந்தக் கப்பல் அதே வருஷம் டெலாவேர் விரிகுடாவில் ஒரு பிரிட்டிஷ் கப்பலைப் பிடித்தும் காட்டியது.

1792 மார்ச்சில் கார்ன்வாலிஸ் திப்புவோடு ஸ்ரீரங்கப்பட்டண ஒப்பந்தம் போட்டார். திப்புவின் ராஜ்ஜியத்தில் பாதி போச்சு. 3 கோடியே 30 லட்சம் ரூபாய் அபராதம். அது கட்டி முடிக்கும் வரை இரண்டு மகன்கள் பிணை. பாராமகால், சேலம், திண்டுக்கல், மலபார் எல்லாம் கம்பெனிக்கு. கோயம்புத்தூர்ப் பகுதி மட்டும் திப்புவிடமே நின்றது.

இப்போ மேப்பை மனசில் வரைஞ்சு பாருங்க. கிழக்கே சேலம், கம்பெனி. தெற்கே திண்டுக்கல், கம்பெனி. மேற்கே பாலக்காடு, கம்பெனி. நடுவில் நாக்கு நீட்டின மாதிரி கொங்கு, திப்புவோடது. மூன்று பக்கமும் கம்பெனி சூழ்ந்த நிலத்தில், கிட்டத்தட்ட நடுவில் காங்கேயம். ஏழு வருஷம் இப்படி இருந்தது. அபராதத்தை மீட்க உள்ளே வரி இறுகியது. வெளியே கம்பெனி காத்திருந்தது. யாரோடு சேர்வது என்பது அப்போ தத்துவப் பிரச்னை இல்லை. எந்தப் பக்கம் தன் கையில் இருக்கும் அதிகாரத்தை மிச்சம் வைக்கும் என்ற கணக்கு. சின்னமலை திப்பு பக்கம் நின்றார். அவர் படைக்கு பிரெஞ்சுக்காரர்கள் பயிற்சி கொடுத்தார்கள் என்று பாடப்புத்தகம் சொல்கிறது.

1800, ஜூன் 3

1799 மே 4-ல் திப்பு விழுந்தார். போர் முடிந்தது என்று கம்பெனி நினைத்தது. எல்லைப்புறத்தில் போர் அப்படி முடிவதில்லை. வேலை போன சிப்பாய், பதவி போன பாளையக்காரர், வரி ஏறிய விவசாயி எல்லாரும் மிச்சம் இருப்பார்கள்.

சிவகங்கையில் மருது சகோதரர்கள், விருப்பாச்சியில் கோபால நாயக்கர், கன்னட நாட்டில் தூண்டாஜி வாக், கொங்கில் சின்னமலை உள்ளிட்டவர்கள் என்று ஒரு பெரிய வலை பின்னப்பட்டது. 1800 ஜூன் 3-ல் கோயம்புத்தூரில் இருந்த கம்பெனிப் படைமுகாமைத் தாக்குவது திட்டம். தாக்குதல் தோற்றது. பிடிபட்ட பலரை வெவ்வேறு ஊர்களில் தூக்கில் போட்டார்கள். செப்டம்பரில் தூண்டாஜி வாக் கொல்லப்பட்டார். அடுத்த வருஷம் கோபால நாயக்கரும் மருது சகோதரர்களும் தூக்கிலிடப்பட்டார்கள். 1801 டிசம்பரில், ஜனங்கள் ஆயுதம் வைத்திருக்கவே கூடாது என்று சென்னை கவர்னர் எட்வர்ட் கிளைவ் பிரகடனம் போட்டார்.

சின்னமலை நிற்கவில்லை. 1801-ல் காவிரிக்கரையில், 1802-ல் ஓடாநிலையில், 1804-ல் அரச்சலூரில் என்று மூன்று மோதல்கள். ஓடாநிலைக் கோட்டையைக் கம்பெனி பீரங்கி வைத்துத் தரைமட்டமாக்கியது. கடைசியில் சமையல்காரன் காட்டிக்கொடுத்துப் பிடிபட்டார் என்பது மரபு. 1805 ஜூலை 31, ஆடிப்பெருக்கு நாளில், சங்ககிரிக் கோட்டையில் சகோதரர்களோடு தூக்கு. ஒரு காலத்தில் வரிப்பணம் போய்ச் சேராமல் அவர் தடுத்தாரே, அதே சங்ககிரி.

அவர் தனியாளாகவும் இல்லை. கருப்ப சேர்வை கூடவே தூக்குமேடை வரை வந்தார். ஒற்றுச் செய்தியைச் செருப்புக்குள் வைத்து அனுப்பிக் காப்பாற்றியதாகச் சொல்லப்படும் பொல்லான், அருந்ததியர் சமூகத்தவர். அவரையும் கம்பெனி கொன்றது. சின்னமலை பெயரில் ரொம்ப காலம் முன்பே போக்குவரத்துக் கழகம் ஓடியது. 2005-ல் தபால்தலை வந்தது. பொல்லானுக்கு அரசு நினைவு மண்டபம் அறிவித்தது சமீபத்தில்தான். ஒரே சண்டை, ஒரே எதிரி. ஆனா நினைவில் ஏற ஒருவருக்கு இருந்த படிக்கட்டு இன்னொருவருக்கு இல்லை.

கார்ன்வாலிஸ்? மறுபடி கவர்னர் ஜெனரலாக வந்தவர், அதே 1805 அக்டோபரில் காஜிபூரில் காய்ச்சலோ என்னவோ கண்டு இறந்துபோனார். சின்னமலைக்கு அப்புறம் இரண்டே மாசம் சொச்சம்.

அந்தப் பக்கம் என்ன நடந்தது?

இதே காலத்தில் அமெரிக்க எல்லைப்புறத்தில் மூன்று சம்பவங்கள். மூன்றும் காங்கேயத்துக்காரர்களுக்குப் பழகின மாதிரியே இருக்கும்.

ஒன்று, தெற்கு கரோலினா. 1767 வாக்கில் உள்நாட்டுப் பகுதியில் குதிரைத் திருட்டும் கொள்ளையும் தாங்க முடியவில்லை. கோர்ட்டோ தூரத்தில், கடற்கரையில் இருக்கும் சார்ல்ஸ்டனில் மட்டும். ஜனங்களே 'ரெகுலேட்டர்' என்று பெயர் வைத்துக்கொண்டு தடி எடுத்தார்கள். கொள்ளைக்காரர்களை அடித்தவர்கள், அப்புறம் தங்களுக்குப் பிடிக்காதவர்களையும் சவுக்கால் அடிக்க ஆரம்பித்தார்கள். அவர்களை அடக்க இன்னொரு கூட்டம் கிளம்பியது. 1769-ல் உள்ளூரில் கோர்ட் அமைக்கச் சட்டம் வந்த பிறகுதான் அடங்கியது. தடி, தண்டல், அதே பழமொழி.

இரண்டு, வடக்கு கரோலினா. அங்கேயும் 'ரெகுலேட்டர்'கள்தான். ஆனா அவர்கள் கோபம் திருடர்கள் மேல் இல்லை, அநியாயமாக வரி வாங்கிய அதிகாரிகள் மேல். 1771 மே 16-ல் அலமான்ஸ் என்ற இடத்தில் கவர்னர் படை அவர்களைச் சிதறடித்தது. அடுத்த மாதம் ஆறு பேரைத் தூக்கில் போட்டார்கள். இது சங்ககிரி மாதிரியே முடிந்த கதை.

மூன்றாவதுதான் முக்கியம். சுதந்திரம் வாங்கிய பிறகு, 1791-ல் அமெரிக்க அரசு விஸ்கிக்கு வரி போட்டது. மலைக்கு அந்தப் பக்கம் இருந்த பென்சில்வேனியா விவசாயிகளுக்குத் தானியத்தை வண்டியில் ஏற்றிக் கொண்டுபோய் விற்றால் கட்டுப்படியாகாது. அதைச் சாராயமாகக் காய்ச்சினால்தான் காசு. அதனால் வரி நேராக அவர்கள் வயிற்றில் அடித்தது. வசூலிக்க வந்தவர்கள் மேல் தார் ஊற்றி இறகை ஒட்டி அனுப்பினார்கள். 1794-ல் ஒரு அதிகாரியின் வீட்டையே கொளுத்தினார்கள். ஜனாதிபதி வாஷிங்டன் கிட்டத்தட்ட 13,000 பேர் படையைத் திரட்டி, தானே ஒரு கட்டம் வரை கூடப் போனார். கலகக்காரர்கள் கலைந்துவிட்டார்கள்.

இரண்டு பேருக்குத் தேசத்துரோகக் குற்றத்தில் மரண தண்டனை விதிக்கப்பட்டது. வாஷிங்டன் இரண்டு பேரையும் மன்னித்துவிட்டார். 1802-ல் அந்த வரியையே ரத்து செய்தார்கள். இங்கே ஓடாநிலையில் சண்டை நடந்த அதே 1802!

ஒரே மாதிரி குற்றம், ஒரே மாதிரி கோபம். அங்கே மன்னிப்பும் வரி ரத்தும், இங்கே தூக்கு. ஏன்? வாஷிங்டன் ரொம்ப நல்லவர் என்பதாலா? இல்லை. பென்சில்வேனியா விவசாயிக்கு ஓட்டு இருந்தது. வரி போட்டவர்களைத் தேர்தலில் அவரால் வீட்டுக்கு அனுப்ப முடிந்தது, அனுப்பினார்கள். கொங்கு விவசாயியை ஆண்டது லண்டனில் பங்குதாரர்கள் வைத்திருந்த ஒரு கம்பெனி. அந்தக் கம்பெனிக்கு இவருடைய கோபம் பற்றி லாபக் கணக்கில் ஒரு வரிகூட எழுதத் தேவையில்லை.

ஆனா அமெரிக்காவை முழுசா ஹீரோ ஆக்கிடாதீங்க. விஸ்கி கலகம் நடந்த அதே 1794-ல், கொஞ்சம் மேற்கே, ஃபாலன் டிம்பர்ஸ் என்ற இடத்தில் அமெரிக்கப் படை பூர்வகுடி மக்களின் கூட்டணியைத் தோற்கடித்தது. அடுத்த வருஷமே அவர்கள் நிலத்தின் பெரும்பகுதி ஒப்பந்தத்தில் பறிபோனது. அவர்களுக்கு ஓட்டும் இல்லை, மன்னிப்பும் இல்லை. காமிக்ஸில் நவஜோக்களின் தோழனாக 'இரவுக் கழுகார்' வந்து நியாயம் வாங்கிக் கொடுப்பார். நிஜத்தில் அப்படி யாரும் வரவில்லை.

பட்டம் மட்டும் மிச்சம்

சண்டை ஓய்ந்த பிறகு கம்பெனி செய்த வேலை என்ன? கோட்டைகளை இடித்தது. ஆயுதத்தைப் பிடுங்கியது. பாளையக்காரரிடமிருந்து காவல் உரிமையை எடுத்து, தன் ஆட்களிடம் கொடுத்தது. தலைமுறை தலைமுறையாகக் காவல்கூலியில் பிழைத்தவர்களுக்கு ஒரே நாளில் தொழில் சட்டவிரோதம் ஆனது. தொழில் போனவர்களைக் குற்றவாளி என்று எழுதுவது ரொம்ப சுலபம்.

எழுதினார்கள். 1871-ல் 'குற்றப் பரம்பரைச் சட்டம்' வந்தது. 1911-ல் சென்னை மாகாணத்துக்கும் நீண்டது. ஒருவர் என்ன செய்தார் என்பது இல்லை, எந்தச் சமூகத்தில் பிறந்தார் என்பதே குற்றம். கைரேகை வைக்கணும், ராத்திரி ஊரைவிட்டு நகர அனுமதி வாங்கணும். 1920 ஏப்ரல் 3-ல் மதுரைப் பக்கம் பெருங்காமநல்லூரில் ரேகை வைக்க மறுத்தவர்கள் மேல் போலீஸ் சுட்டது. 1947-ல்தான் சென்னை மாகாணத்தில் சட்டம் ஒழிந்தது. 1952-ல் நாடு முழுக்க முடிவுக்கு வந்தது. 'சீர்மரபினர்' என்று இன்றைக்கும் சாதிச் சான்றிதழில் இருக்கும் சொல், அந்தப் பழைய பட்டத்தின் தழும்புதான்.

அதனால்தான் இந்தப் பழைய கதை இன்றைக்கும் முக்கியம். 'அந்த ஊர்க்காரங்களா... உஷார்', 'அவங்க பரம்பரையே அப்படித்தான்' என்று வாட்ஸ்அப்பில் ஃபார்வேர்டு வரும்போது, அந்தப் பட்டத்தை முதலில் எழுதியது யார், அப்போ அவர்கள் கையில் என்ன தடி இருந்தது என்று கேட்டுப் பாருங்க. அதே மாதிரி, 'எங்க ஆளு மட்டும்தான் வீரன்' என்று ரீல்ஸ் வரும்போது, பக்கத்தில் நின்ற பொல்லான் எங்கே, இரண்டு முறை வரி கட்டிய விவசாயி எங்கே என்றும் கேளுங்க.

சேலம் - கோவை ஹைவேயில் போகும்போது, சங்ககிரி மலைக்கோட்டை பஸ் ஜன்னலிலேயே தெரியும். பாதிப் பேர் அந்த நேரத்தில் ஹெட்செட் போட்டுத் தூங்கிக்கொண்டிருப்போம். அடுத்த முறை கொஞ்சம் முழிச்சிருங்க. வரிப்பணம் போய்ச் சேரவேண்டிய இடமும், அதைத் தடுத்தவர் போய்ச் சேர்ந்த இடமும் அந்த ஒரே மலைதான்.